ஐம்பது ரூபாய் மனு பிறந்த கதை

வில்லியனூருக்கும் பாகூருக்கும் இடைப்பட்ட வயல்வெளியில் இருக்கிறது ஏம்பலம். இந்தப் பக்கத்தில் புதுச்சேரி ஒரே துண்டாக இல்லை. ஒரு வாய்க்காலைத் தாண்டினால் தமிழ்நாடு, இன்னும் கொஞ்சம் போனால் மறுபடியும் புதுச்சேரி. எல்லைக்கு அந்தப் பக்கம் கடலூர் மாவட்டத்துப் பள்ளியில் ஓர் ஆசிரியர், இந்தப் பக்கம் ஏம்பலத்தில் ஓர் ஆசிரியர் என்று வைத்துக்கொள்வோம். இருவருக்கும் ஒரே மனக்குறை. தலைமையாசிரியர் பதவி வர வேண்டிய காலத்தில் வரவில்லை. பின்னால் சேர்ந்தவர் முன்னால் போய்விட்டார். கடலூர்க்காரர் வக்கீலைப் பிடித்துச் சென்னை உயர் நீதிமன்றத்தில் நேரே ரிட் மனு போடலாம். ஏம்பலத்துக்காரர் போட்டால், முதலில் 'கேட்'டுக்குப் போய்விட்டு வாருங்கள் என்று அனுப்பிவிடுவார்கள்.

கேட் என்பது மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். புதுச்சேரி யூனியன் பிரதேசம் என்பதால் அதன் அரசு ஊழியர்களின் பணி வழக்குகளும் மத்திய அரசு ஊழியர்களின் வழக்குகளோடு சேர்ந்து அங்கேதான் போகின்றன. கீழ்நிலை எழுத்தரான எல்.டி.சி.யானாலும் இயக்குநரானாலும், சீனியாரிட்டியானாலும் ஓய்வூதியமானாலும், முதல் படி அதுதான். அதன் மதராஸ் அமர்வு சென்னையில், உயர் நீதிமன்ற வளாகத்திலேயே இருக்கிறது. புதுச்சேரி அதன் சுற்றமர்வு இடங்களில் ஒன்று. அங்கே போடும் மனுவுக்கு ஓ.ஏ. என்று பெயர். கட்டணம் 50 ரூபாய். போஸ்டல் ஆர்டராகக்கூடக் கட்டலாம்.

இந்த ஐம்பது ரூபாய் மனு பிறந்த கதையைச் சொல்பவர்கள் வழக்கமாக 1985ஆம் ஆண்டுச் சட்டத்தில் தொடங்குவார்கள். புதுச்சேரிக்காரர்கள் இன்னும் எண்பது ஆண்டு பின்னால் போய்ப் பாரிஸில் தொடங்க வேண்டும்.

1904 அக்டோபர் 28ஆம் தேதி பிரெஞ்சு நாடாளுமன்றத்தில் கியோ த வில்நெவ் என்ற உறுப்பினர் எழுந்து சில தாள்களைப் படித்தார். ராணுவ அதிகாரிகளைப் பற்றி ரகசியமாகச் சேர்த்த குறிப்புகள் அவை. இந்த மேஜர் தவறாமல் கோயிலுக்குப் போகிறார், அந்த கேப்டன் பிள்ளைகளைப் பாதிரிமார் பள்ளியில் படிக்க வைக்கிறார் என்ற ரீதியில் இருந்தன. குறிப்புகளைச் சேர்த்துக் கொடுத்தது ஃப்ரீமேசன் சங்கம். வாங்கிவைத்துக்கொண்டது போர்த்துறை அமைச்சர் ஜெனரல் ஆந்த்ரேயின் அலுவலகம். குடியரசுக்கு விசுவாசமானவர் என்று எழுதப்பட்டவருக்குப் பதவி உயர்வு. பக்திமான் என்று எழுதப்பட்டவர் இருந்த இடத்திலேயே இருக்க வேண்டியதுதான். ஏன் தனக்கு உயர்வு வரவில்லை என்று அவருக்குக் கடைசிவரை தெரியாது. சில நாள் கழித்து சிவெத்தோன் என்ற உறுப்பினர் சபைக்குள்ளேயே அமைச்சரைக் கன்னத்தில் அறைந்தார். நவம்பரில் அமைச்சர் விலகினார். அடுத்த ஜனவரியில் எமில் கோம்பின் ஆட்சியே போயிற்று. அந்தச் சபையில் பிரெஞ்சிந்தியாவுக்கும் ஒரு பிரதிநிதி உண்டு என்பதை இங்கே நினைவுபடுத்திக்கொள்ளலாம்.

இந்தக் கூத்துக்குப் பின் 1905 ஏப்ரல் 22ஆம் தேதி வந்த நிதிச் சட்டத்தில் 65ஆம் பிரிவு என்று ஒன்றைச் செருகினார்கள். நிதிச் சட்டத்துக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை; அவசரத்தில் அகப்பட்ட வண்டியில் ஏற்றிவிட்டார்கள். ஓர் ஊழியர் மீது ஒழுங்கு நடவடிக்கை எடுப்பதற்கு முன்பும், கட்டாய இடமாற்றம் செய்வதற்கு முன்பும், மூப்பின்படி வர வேண்டிய உயர்வைத் தாமதிப்பதற்கு முன்பும், அவருடைய கோப்பில் உள்ள அத்தனை குறிப்புகளையும் அவருக்குக் காட்ட வேண்டும் என்றது அந்தப் பிரிவு. தாமதித்த பிறகு அல்ல, தாமதிக்கும் முன்பே காட்ட வேண்டும். பதவி உயர்வுத் தாமதம் என்பது மேலதிகாரியின் விருப்பு வெறுப்பு இல்லை, காரணம் காட்ட வேண்டிய செயல் என்று ஒரு நாட்டின் சட்டம் இவ்வளவு வெளிப்படையாகச் சொன்னதற்கு இதைவிடப் பழைய சான்று எனக்குத் தெரிந்து இல்லை.

அரசாங்கத்தின் மீது வழக்குப் போடத் தனி மன்றம் என்பதும் பிரெஞ்சுக்காரர்களின் பழக்கம். பாரிஸில் இருந்த அரசுப் பேரவை அதன் உச்சி. குடியேற்ற நாடுகளுக்கு 1881இல் வந்த ஆணைகளின் வழியில் நிர்வாக வழக்கு மன்றங்கள் அமைந்தன. அவற்றின் தீர்ப்பை எதிர்த்துப் பாரிஸ் பேரவைக்குப் போகலாம். அந்தப் பேரவை 1925 டிசம்பர் 26ஆம் தேதி ரோதியேர் என்பவரின் வழக்கில் ஒரு விஷயத்தைத் தீர்த்துவைத்தது. ஓர் அமைச்சகத்தில் தவறாகக் கொடுத்த பதவி உயர்வுகளை ரத்துசெய்தாயிற்று. சரி, இடையில் போன ஆண்டுகளை என்ன செய்வது? அந்தத் தவறு நடக்காமல் இருந்திருந்தால் யார் யார் எந்தத் தேதியில் எந்தப் படியில் இருந்திருப்பார்களோ அப்படி அவர்களுடைய பணி வாழ்க்கையைப் பின்னோக்கிக் கட்டித் தர அரசுக்கு அதிகாரம் உண்டு என்றது பேரவை. நம் அலுவலகங்களில் இன்று 'நோஷனல் புரமோஷன்' என்று சொல்வதன் பிரெஞ்சு அண்ணன் இதுதான்.

இதே காலத்தில் எல்லைக்கு அந்தப் பக்கம், பிரிட்டிஷ் மதராஸில், நிலைமை வேறு. அரசு ஊழியர் என்பவர் மன்னரின் விருப்பம் உள்ளவரை வேலையில் இருப்பவர். எழும்பூர் அரசு அச்சகத்தில் ரீடராக இருந்த வெங்கட ராவ் என்பவர், தேர்வு வினாத்தாள் கசிந்த சந்தேகத்தில் வேலையை இழந்தார். விதிப்படி விசாரிக்காமல் நீக்கிவிட்டார்கள் என்று வழக்காடி லண்டன் பிரிவி கவுன்சில்வரை போனார். 1930களில் வந்த தீர்ப்பு: விதிகளை மீறியது உண்மைதான், ஆனால் அதற்காக நீதிமன்றத்துக்கு வர முடியாது, மேலதிகாரியிடமே முறையிட்டுக்கொள்ள வேண்டும். ஜெயித்த வாதத்தோடு தோற்றுப் போனார் மனிதர்.

1950இல் அரசியலமைப்பு வந்ததும் இந்தக் கதவு திறந்தது. சமத்துவம் பேசும் 14ஆம் பிரிவு, அரசு வேலையில் சம வாய்ப்புப் பேசும் 16ஆம் பிரிவு, உயர் நீதிமன்றத்தில் ரிட் போட வழிசெய்யும் 226ஆம் பிரிவு. ஆனால் ஏம்பலத்துக்கு இது உடனே வந்து சேரவில்லை. 1954 நவம்பர் 1 முதல் புதுச்சேரி நடைமுறையில் இந்தியாவின் கையில் இருந்தாலும், சட்டப்படியான ஒப்படைப்பு 1962 ஆகஸ்ட் 16இல்தான். இடையில் மஸ்தான் சாகிப் என்பவரின் பஸ் பர்மிட் வழக்கு உச்ச நீதிமன்றம் போனபோது, புதுச்சேரி இந்தியாவுக்குள் இருக்கிறதா என்று நீதிபதிகள் மத்திய அரசையே கேட்டார்கள். இல்லை என்று பதில் வந்தது. பர்மிட்டுக்கே இந்தக் கதி. மதராஸ் உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் இங்கே நீண்டது 1962இல் வந்த நிர்வாகச் சட்டத்துக்குப் பிறகுதான்.

திறந்த கதவு வழியாகக் கூட்டம் வந்தது. அந்தக் கூட்டத்தை நடத்தி வந்தவர்கள் என்று ஒரு துறையைச் சொல்லச் சொன்னால் நான் வருமான வரித் துறையைச் சொல்வேன். வருமான வரி அதிகாரி பதவிக்கு இரண்டு வாசல். ஒன்று, போட்டித் தேர்வு எழுதி நேரே வருவது. மற்றது, கீழிருந்து பதவி உயர்வில் வருவது. மூன்றில் இரண்டு பங்கு நேரடி நியமனம், ஒரு பங்கு பதவி உயர்வு என்று 1951இல் கணக்குப் போட்டிருந்தார்கள். கணக்கு தாளில் இருந்தது. நியமனம் தன் போக்கில் நடந்தது. கடைசியில் இரண்டு வாசலில் வந்தவர்களும் ஒரே கூடத்தில் நிற்கும்போது யார் சீனியர்? எஸ்.ஜி. ஜெய்சிங்கானி வழக்கில் 1967இல் உச்ச நீதிமன்றம் இந்தக் கேள்விக்குப் பதில் சொன்னது. அந்தப் பதிலை எப்படி அமல்படுத்துவது என்று 1972இல் பிஷன் சரூப் குப்தா வழக்கு வந்தது. அமல்படுத்திய விதம் சரியா என்று 1974இல் மறுபடி வந்தது. 1980இல் கமல் காந்தி தத்தா வழக்காக இன்னொரு முறை வந்தபோது தலைமை நீதிபதி சந்திரசூட் அலுத்துப்போனார். அரசு ஊழியர்கள் தங்கள் நேரத்தையும் சக்தியையும் நீதிமன்றச் சண்டையில் செலவழிக்கும்படி விடக் கூடாது, இதற்கென்று தனித் தீர்ப்பாயம் வேண்டும் என்று எழுதினார். வரி வசூலிக்க வேண்டியவர்கள் பதின்மூன்று ஆண்டு ஒருவர் மேல் ஒருவர் அஃபிடவிட் போட்டுக்கொண்டிருந்தார்கள் என்றால் வேறு என்ன எழுதுவது?

யோசனை புதிதல்ல. முதல் நிர்வாகச் சீர்திருத்த ஆணையம் 1969இலேயே பணியாளர் தீர்ப்பாயம் வேண்டும் என்றது. உயர் நீதிமன்றங்களில் தேங்கிய வழக்குகளை ஆராய்ந்த ஜே.சி. ஷா குழுவும் அதையே சொன்னது. ஆனால் அது அரசியலமைப்புக்குள் நுழைந்தது நெருக்கடி நிலைக் காலத்தில், 1976இன் 42ஆம் திருத்தத்தோடு. அந்தத் திருத்தம் நீதிமன்றங்களின் கையைக் கட்டுவதற்காக வந்தது. 323ஏ பிரிவும் அந்த மூட்டைக்குள் இருந்ததுதான். பணி வழக்குகளைத் தீர்ப்பாயத்துக்கு மாற்றி, உயர் நீதிமன்றத்தின் தலையீட்டை முழுவதுமாக விலக்கலாம் என்றது அது. பின்னால் வந்த ஜனதா ஆட்சி 42ஆம் திருத்தத்தில் பலவற்றைத் திருப்பி எடுத்தது. இந்தப் பிரிவு தப்பிப் பிழைத்தது. பிரெஞ்சு 65ஆம் பிரிவு அவமானத்தில் பிறந்தது, இந்தியத் தீர்ப்பாயம் அதிகார ஆசையில் கருவாகிப் பின்னால் சோர்வில் பிறந்தது. நல்ல காரியத்துக்கு நல்ல பிறப்பு வேண்டும் என்று கட்டாயம் இல்லைபோலும்.

சட்டம் 1985இல் வந்தது. தீர்ப்பாயம் செயல்படத் தொடங்கிய நாள் 1985 நவம்பர் 1. புதுச்சேரிக்காரர்களுக்கு விடுதலை நாளாக மனப்பாடமான தேதி. தில்லியில் தேதி குறித்தவர்கள் அதை நினைத்திருக்க மாட்டார்கள்.

பிள்ளையின் அங்க அடையாளங்களைச் சொல்லிவிடுகிறேன். அமர்வில் ஒரு நீதித்துறை உறுப்பினர், ஒரு நிர்வாகத்துறை உறுப்பினர். இரண்டாமவர் பெரும்பாலும் அரசின் உயர் பதவியில் இருந்து வந்தவர். கோப்பு எப்படி மேஜையில் தூங்கும் என்பது அவருக்குத் தெரியும். அதே காரணத்தால் கோப்பின் மீது அவருக்குக் கொஞ்சம் பரிவும் இருக்கும் என்று ஊழியர்கள் சந்தேகப்படுவதுண்டு. சிவில் நடைமுறைச் சட்டத்தின் கெடுபிடி இல்லை. இயற்கை நீதிப்படி நடந்தால் போதும். பெரும்பாலும் காகிதங்களைப் பார்த்தே முடிவு. வக்கீல் இல்லாமல் தானே வந்து வாதாடலாம். முதலில் துறைக்குள் ரெப்ரசன்டேஷன் கொடுத்துப் பார்த்திருக்க வேண்டும். உத்தரவு வந்து ஓராண்டுக்குள் வர வேண்டும். ஏழை எல்.டி.சி.யும் நுழையட்டும் என்று நினைத்துத்தான் இதையெல்லாம் வைத்தார்கள். ஐம்பது ரூபாய் அந்த நினைப்பின் அடையாளம்.

உயர் நீதிமன்றத்தை விலக்கியது சரிதானா என்ற சண்டை பிறந்த உடனே தொடங்கிவிட்டது. சம்பத்குமார் வழக்கில் 1986 இறுதியில் சரி என்றார்கள்; எல். சந்திர குமார் வழக்கில் 1997 மார்ச் 18ஆம் தேதி ஏழு நீதிபதிகள் அமர்ந்து, உயர் நீதிமன்றத்தின் அதிகாரத்தை யாராலும் எடுக்க முடியாது, தீர்ப்பாயத்தின் முடிவை எதிர்த்து டிவிஷன் பெஞ்சுக்குப் போகலாம் என்றார்கள். கொள்கைப்படி அருமையான தீர்ப்பு. ஏம்பலத்து ஆசிரியருக்கு அதன் பொருள், படி குறைவதற்காகக் கட்டிய இடத்தில் படி ஒன்று கூடிவிட்டது என்பதுதான். தீர்ப்பாயம், உயர் நீதிமன்றம், உச்ச நீதிமன்றம். புதுச்சேரிக் கல்வித் துறை ஆசிரியர் நியமனத்தில் வெளிமாநிலத்திலிருந்து வந்த பட்டியலினத்தவருக்கு இடஒதுக்கீடு உண்டா என்ற வழக்கு மதராஸ் அமர்வில் தொடங்கி 2005இல் உச்ச நீதிமன்றத்தில்தான் முடிந்தது. தமிழ்நாடு 1988இல் தனக்கென்று ஒரு தீர்ப்பாயம் வைத்துப் பார்த்து 2006இல் மூடிவிட்டது. எல்லைக்கு இரு பக்கமும் இரண்டு வழி வந்தது இப்படித்தான்.

அங்கே போனால் என்ன கிடைக்கும்? பதவி உயர்வு கிடைக்கும் என்று நினைத்துத்தான் எல்லோரும் போகிறார்கள். சட்டம் தருவது அதைவிடச் சின்னது. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது 16ஆம் பிரிவின் கீழ் அடிப்படை உரிமை. பதவி உயர்வு கிடைப்பது உரிமை அல்ல. உச்ச நீதிமன்றம் இதைத் திரும்பத் திரும்பச் சொல்லிவிட்டது. பரிசீலிப்பது டி.பி.சி., அதாவது துறைப் பதவி உயர்வுக் குழு. அது எப்போது கூட வேண்டும் என்பதற்கு 1998 செப்டம்பரிலேயே மத்திய பணியாளர் துறை மாதிரி நாட்காட்டி ஒன்று போட்டிருக்கிறது. அடுத்த ஆண்டு காலியாகப்போகும் இடங்களுக்கு இந்த ஆண்டே பட்டியல் தயாராகிவிட வேண்டும் என்பது அதன் சாரம். யார் எப்போது ஓய்வு பெறுவார் என்பது சேர்ந்த நாளிலேயே சர்வீஸ் புக்கில் எழுதியிருப்பதால் இது நடக்க முடியாத காரியமே இல்லை.

நடப்பது வேறு. சீனியாரிட்டி லிஸ்ட் இறுதியாகவில்லை என்பார்கள். ஆட்சேபம் வந்திருக்கிறது, நியமன விதி திருத்தத்தில் இருக்கிறது, ரகசியக் குறிப்பு ஒரு வருடத்துக்குக் காணோம் என்பார்கள். இடஒதுக்கீட்டு வழக்குகளும் சேர்ந்துகொள்ளும். 2017, 2018இல் தில்லி அலுவலகங்களில் பல பட்டியல்கள் அப்படி நின்று, 2018 ஜூனில் உச்ச நீதிமன்றம் சட்டப்படி மேலே போகலாம் என்ற பிறகே நகர்ந்தன. அதுவரை வேலை நடக்க வேண்டுமே? அட்ஹாக்கில் ஒருவரை உட்காரவைப்பார்கள், அல்லது இன்சார்ஜ் என்று ஒரு பொறுப்பைக் கொடுப்பார்கள். அட்ஹாக்கில் உட்கார்ந்த ஆண்டுகள் சீனியாரிட்டிக்குச் சேருமா என்பது அடுத்த வழக்கின் விதை. விதிப்படி தேர்வாகாமல் தற்காலிக ஏற்பாடாக உட்கார்ந்த காலம் சேராது என்று 1990இல் மகாராஷ்டிரப் பொறியாளர்கள் வழக்கில் அரசியலமைப்பு அமர்வு சொன்னது. அதே தீர்ப்பிலேயே, இடைவிடாமல் இருந்து பின்னால் விதிப்படி ரெகுலரானால் சேரும் என்றும் ஒரு வரி வைத்தது. அந்த இரண்டு வரிகளுக்கு நடுவில் எத்தனையோ ஓ.ஏ.க்கள் பிறந்திருக்கின்றன.

குழு பல ஆண்டு கூடாமல் ஒருநாள் கூடினால் என்ன ஆகும்? மத்திய அரசின் 1989 ஏப்ரல் வழிகாட்டுதல்களில் இதற்கும் பதில் இருக்கிறது. ஆண்டுவாரியாகத் தனித்தனிப் பட்டியல் போட வேண்டும். அந்தந்த ஆண்டில் தகுதியாக இருந்தவரைத்தான் அந்தந்த ஆண்டு இடத்துக்குப் பார்க்க வேண்டும். இதுவரை நியாயம். அடுத்து, காலியிடம் முந்தைய ஆண்டுகளுடையதாக இருந்தாலும், பதவி உயர்வு இனிமேல்தான் செல்லும், பின்தேதியிலிருந்து செல்லாது. என் கணிப்பில் இந்த ஒரு வரிதான் பாதி வழக்குகளுக்கு மூலகாரணம். குழு ஐந்தாண்டு தாமதமாகக் கூடினால் அரசுக்கு நஷ்டம் ஒன்றுமில்லை, ஐந்தாண்டுச் சம்பள வித்தியாசம் லாபம். தாமதித்தவருக்கு விலை இல்லாத தாமதம் எங்கேயும் தானாக நிற்காது.

தீர்ப்பாயமும் இந்த வரியைத் தாண்ட முடிவதில்லை. ஜூனியர் ஒருவர் தவறாகத் தாண்டிப் போயிருந்தால், அவர் போன தேதியை உங்களுக்கும் கொடு என்று உத்தரவிட அதற்குத் தெரியும். ஜூனியரும் போகவில்லை, யாருமே போகவில்லை, குழுவே கூடவில்லை என்றால் பிடித்துக்கொள்ள ஒரு தேதி இல்லை. அதற்குப் பக்கத்து நாற்காலியைப் பார்த்து அளக்க முடிகிறது, காலண்டரைப் பார்த்து அளக்க முடிவதில்லை. 2024இல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்த மேற்கு வங்க வழக்கைப் பாருங்கள். மாநிலத் தடய அறிவியல் ஆய்வகத்தின் அதிகாரி ஒருவருக்குப் பதவி உயர்வுப் பரிந்துரை வந்துவிட்டது. அவர் 2016 டிசம்பர் 31ஆம் தேதி ஓய்வு பெற்றார். அரசின் இறுதி ஒப்புதல் வந்தது 2017 ஜனவரி 4ஆம் தேதி. அந்த மாநிலத் தீர்ப்பாயமும் கொல்கத்தா உயர் நீதிமன்றமும் ஓய்வூதியக் கணக்குக்காவது அந்தப் பதவியைக் கருத்தளவில் கொடுங்கள் என்றன. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது: புதிய பதவியில் பொறுப்பேற்காதவருக்கு அதன் பலன் கிடையாது. சட்டம் சரியாக இருக்கலாம். நான்கு நாள் தாமதம் யாருடையது என்ற கேள்விக்கு அந்தச் சட்டத்தில் இடமே இல்லை.

ஆனாலும் இந்த மனுக்களால் ஒன்றும் நடக்கவில்லை என்று சொன்னால் அநியாயம். ஒழுங்கு நடவடிக்கை வரும்போலிருக்கிறது என்ற வதந்தியைக் காட்டியே உயர்வை உறைக்குள் வைத்து அரக்கு முத்திரை போடும் பழக்கத்துக்கு 1991இல் ஜானகிராமன் வழக்கில் கடிவாளம் விழுந்தது. குற்றப் பத்திரமோ குறிப்பாணையோ கையில் கொடுத்த பிறகுதான் சீலிட்ட உறை, விசாரணை நினைப்பில் இருக்கிறது என்பதற்காக அல்ல என்றது தீர்ப்பு. வேலை செய்யாததற்குச் சம்பளம் இல்லை என்ற வாதத்தையும், வேலை செய்யத் தயாராக இருந்தவரை அரசே தடுத்து நிறுத்தியிருந்தால் அப்படியே பொருத்த முடியாது என்று அதிலேயே சொன்னார்கள்.

2008 மே 12ஆம் தேதி வந்த தேவ் தத் வழக்கு எனக்கு இன்னும் பிடித்தமானது. எல்லைச் சாலை அமைப்பின் எக்சிக்யூட்டிவ் இன்ஜினியர் அவர். ஐந்தாண்டு ரகசியக் குறிப்பில் நான்கில் 'மிக நன்று', ஒன்றில் மட்டும் 'நன்று'. ஐந்திலும் 'மிக நன்று' வேண்டும் என்பது அளவுகோல். 1994 டிசம்பரில் கூடிய குழு அவரை விட்டுவிட்டது. 'நன்று' என்பது கெட்ட குறிப்பு இல்லையே, அதை ஏன் சொல்ல வேண்டும் என்றது அரசு. நீதிபதி மார்க்கண்டேய கட்ஜு எழுதிய தீர்ப்பு அதை ஏற்கவில்லை: பாராட்டே ஆனாலும் அது ஒருவரின் உயர்வைத் தடுக்கும் என்றால் பாதகம்தான், எல்லாக் குறிப்பையும் ஊழியருக்குக் காட்ட வேண்டும். அதற்குள் அவர் ஓய்வும் பெற்றுவிட்டார். குறிப்பு திருத்தப்பட்டால் உயர்வையும் ஓய்வூதிய வித்தியாசத்தையும் பின்தேதியிலிருந்து கணக்கிட்டு வட்டியோடு கொடு என்றது உச்ச நீதிமன்றம். அடுத்த ஆண்டு மத்திய அரசு இதை ஆணையாகவே போட்டது. இன்று ஏம்பலத்தில் வேலை பார்ப்பவரும் தன் ஆண்டறிக்கையைப் பார்த்துக் கையெழுத்திடுவது அதனால்தான். பாரிஸ் 1905இல் கொடுத்தது. புதுச்சேரியில் பிரெஞ்சுக் கொடி இறங்கி அரை நூற்றாண்டுக்கு மேல் ஆன பிறகு, 2009இல், தில்லி வழியாக வந்து சேர்ந்தது.

வழக்குப் பெருத்ததைப் பார்த்து அரசு வேறொரு மருந்தும் கண்டுபிடித்தது. பதவி கொடுக்க முடியாவிட்டால் சம்பளத்தையாவது கொடு என்பது அது. ஐந்தாவது சம்பளக் குழுவை ஒட்டி 1999இல் ஏ.சி.பி. என்ற திட்டம் வந்தது, 12, 24 ஆண்டுகளில் சம்பள உயர்வு. 2009இல் அது எம்.ஏ.சி.பி. ஆகி 10, 20, 30 ஆண்டுகள் என்றாயிற்று. வலி குறைந்தது என்று ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் முப்பது வருடம் அதே மேஜையில் உட்கார்ந்தவருக்குச் சம்பளம் மட்டுமா குறை? இன்சார்ஜாகவே பள்ளியை நடத்தி, பெயர்ப் பலகையில் பெயர் ஏறாமல் ஓய்வு பெறுபவரை எம்.ஏ.சி.பி. என்ன செய்யும்?

தீர வேண்டுமானால் 1989இன் அந்த ஒரு வரியை மாற்ற வேண்டும். நிர்வாகத்தின் தவறால் குழு கூடாத ஆண்டுகளுக்கு, தகுதியாக இருந்தவருக்குக் காலியிட ஆண்டிலிருந்தே கருத்தளவில் தேதி கொடு, குறைந்தபட்சம் சம்பள நிர்ணயத்துக்கும் ஓய்வூதியத்துக்கும். பழைய பாக்கியைக்கூடக் கேட்க வேண்டாம். தாமதத்துக்கு ஒரு விலை வந்துவிட்டால், நாட்காட்டி தானாகவே மதிக்கப்படும். இதைச் செய்ய அரசியலமைப்புத் திருத்தம் தேவையில்லை. ஓர் அலுவலக ஆணை போதும்.

அதுவரை, இதைப் படிக்கும் அரசு ஊழியர்களுக்கு ஒன்று. இந்த வழக்குகளில் நியாயம் இல்லாமல் தோற்றவர்களைப் போலவே காலம் கடந்து தோற்றவர்களும் உண்டு. தமிழ்நாட்டுப் பொறியாளர் பி.எஸ். சதாசிவசாமி 1957இல் தன்னைத் தாண்டி இளையவர்கள் போனதை எதிர்த்து 1971இல் நீதிமன்றம் வந்தார். ஆறு மாதத்தில், அதிகம் போனால் ஓராண்டில் வந்திருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் திருப்பி அனுப்பியது. சி. ஜேக்கப் என்பவர் 1982இல் வேலை இழந்து 2000இல் மனு கொடுத்தார். பரிசீலிக்கச் சொல்லித் தீர்ப்பாயம் உத்தரவிட்டது, துறை நிராகரித்தது, அந்த நிராகரிப்பிலிருந்து புதுக் கணக்குத் தொடங்கலாம் என்று நினைத்தார். 2008இல் அதுவும் எடுபடவில்லை. ரெப்ரசன்டேஷன் மேல் ரெப்ரசன்டேஷனாகக் கொடுத்துக்கொண்டிருப்பதால் காலக்கெடு நீளாது. மேலிடம் பார்த்துக்கொள்ளும் என்று யூனியன்காரர் சொன்னாலும் நீளாது. முதல் ரெப்ரசன்டேஷனுக்கு ஒப்புகை வாங்குங்கள். ஆறு மாதத்தில் பதில் வராவிட்டால் அந்த ஆறு மாதம் முடிந்த நாளிலிருந்து ஓராண்டு. பதில் வந்தால் வந்த உத்தரவின் தேதியிலிருந்து ஓராண்டு. அதற்குள் மனு உள்ளே போயிருக்க வேண்டும். கட்டணம் இன்னும் 50 ரூபாய்தான்.